நூல் ஓடிய கல்

கல்லில் எண் எழுதுவது என் வேலை.
ஜெகதேவி போகும் சாலையில் எடைமேடை தாண்டி
இடப்பக்கம் எங்கள் யார்டு.
சிவப்புப் பெயின்ட், இரண்டங்குல பிரஷ்.
நீளம், அகலம், உயரம்,
மூலையில் துறைமுகத்தின் பெயர்.

ஒன்பதாவதோடு நின்றவன் நான்.
கப்பல் கம்பெனி கொடுத்த சுவர்ப்படம்தான்
என்னுடைய பத்தாம் வகுப்பு.
பழுப்பு என்றால் மலை, கரும்பழுப்பு என்றால் பெரிய மலை.
ஜெனோவா என்று எழுதுகிற நாளில்
ஆல்ப்ஸ் வந்து தோளுக்குப் பின்னால் நிற்கும்.
கசபிளாங்காவுக்கு அட்லஸ்.
வல்பரைசோவுக்கு ஆண்டிஸ்,
ஒரு கண்டம் கிழிந்துவிடாமல்
மேற்கோரம் முழுக்கப் போட்ட தையல்.
காகசஸுக்குப் போகும் கல் இறங்குவது
போட்டி என்ற துறைமுகத்தில்.
எழுதி வைத்தால்
லாரிக்காரர்கள் எல்லாரும் கேட்பார்கள்,
யாரோடு?

கிருஷ்ணகிரி அந்தப் படத்தில் வெளிர் மஞ்சள்.
எங்கள் கரட்டுக்கு ஒரு புள்ளிகூட இல்லை.

மலையே இல்லாதவன் கல் கேட்டால் சரி.
ஆல்ப்ஸை வாசலிலேயே கட்டி வைத்திருப்பவன்
ஏன் இங்கே வருகிறான்?

ஓசூரிலிருந்து கல் பார்க்க வரும் ஹேமலதாவிடம்
ஒருநாள் கேட்டேவிட்டேன்.
சட்டி வாங்குகிறவள் மாதிரி
சுத்தியால் தட்டிக் காது கொடுத்துக்கொண்டிருந்தாள்.
"அதெல்லாம் சின்ன வயசு மலைங்க அண்ணா.
இமயத்துக்கே அஞ்சு கோடி வருசம்தான் ஆவுது.
இன்னும் முட்டிக்கிட்டு வளருது,
உள்ளெல்லாம் மடிப்பு, முறிவு.
இது இருநூத்தம்பது கோடி.
எல்லாச் சண்டையும் முடிஞ்சு ஆறின கல்லு."
ஒருகாலத்தில் இதுவும் அவ்வளவு உயரமா என்றேன்.
"இருந்திருக்கலாம். மழை தின்னது போக மிச்சம் இது."
அடுத்த கல்லுக்குப் போய்விட்டாள்.

மழை தின்றது போக மிச்சத்தை
வயர்சா எட்டு வருடத்தில் முடித்தது.
இப்போது அங்கே பச்சைத் தண்ணீர்.
அதற்கும் உயரம் உண்டு,
கீழ்நோக்கி நூற்றுப்பத்து அடி.
நான் எழுதிய எண்களை எல்லாம் கூட்டினால்
அந்தப் பள்ளம் சரியாக வராது.
பாதிக்கு மேல் ஜல்லியாகவும் தூளாகவும் போயிற்று,
கொஞ்சம் எங்கள் மூச்சில்.

ராத்திரி சாந்த் பாஷா கிரேனில் தூக்கி வைப்பான்.
டிரைலர் பர்கூர் தாண்டி, நாட்றம்பள்ளி தாண்டிப் போகும்.
வலப்பக்கம் ஏலகிரி இருட்டில் படுத்திருக்கும்.
ஒரு மலை இன்னொரு மலையைக் கடந்து போகிறது,
எங்கே போறே என்று
விசாரிப்பதில்லை.

4417-ஐப் பற்றிச் சொல்ல வேண்டும்.
நல்ல கல், சாம்பலில் ரோஜா ஓட்டம்.
அளவெடுத்து, எண் எழுதி,
மூலையில் போட்டி என்றும் எழுதிவிட்டேன்.
ஹேமலதா வாளித் தண்ணீரை மேலே வீசிவிட்டு
டீ குடிக்கப் போனாள்.
வெயிலுக்குக் கல் மொத்தமும் காய்ந்தது,
ஒரு கோடு மட்டும் காயவில்லை.
மயிரிழை. மேலிருந்து கீழ்வரை.
"நூல் ஓடியிருக்கு" என்றாள்.
அவ்வளவுதான், போட்டியை அடித்தேன்.

வேலி ஓரம் தள்ளி வைத்து மூன்று வருடம் ஆகிறது.
உடைத்து ஜல்லிக்கு விட யாருக்கும் நேரம் வரவில்லை.
நூலுக்குள் ஏதோ புல் முளைத்திருக்கிறது.
சாயங்காலம் திம்மக்காவின் ஆடுகளில் ஒன்று,
காது கிழிந்தது, எப்போதும் அதேதான்,
தாவி ஏறி உச்சியில் நின்று
நாலு பக்கமும் பார்க்கும்.

உயரம் 1.7 மீட்டர் என்று நான் எழுதியது
இன்னும் அழியவில்லை.
ஆட்டையும் சேர்த்து எழுத
என் படிவத்தில் கட்டம் இல்லை.